முட்டைக்கோஸ்காரரின் பியானோ

நான் கேட்ட பியானோ வித்வான்களிலேயே மிகப் பெரியவர் எங்கள் முட்டைக்கோஸ்காரர்தான். இதை எந்தச் சபையிலும் அடித்துச் சொல்வேன். இத்தனைக்கும், ஒரே சுவருக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் குடியிருந்தும், முதல் பல மாதங்கள் அவர் வாசித்து ஒரு ஸ்வரம்கூட என் காதில் விழவில்லை. அவர் சமைத்துக்கொண்டிருக்கிறார் என்றே நம்பிக்கொண்டிருந்தேன்.

நான் பிளசன்டனுக்குக் குடிபோனது 1993 இலையுதிர்காலத்தில். கலிபோர்னியாவில் இரண்டு ஃப்ரீவேக்கள் சந்திக்கும் மூலைக்குப் பக்கத்தில் ஒரு அபார்ட்மென்ட் வளாகம். மனைவிக்குத் திருச்சியில் பாங்க் வேலை. "வேலைய விட்டுட்டு அங்க வந்து என்ன பண்றது? ஃப்ரிட்ஜத் திறந்து திறந்து மூடறதா?" என்று கேட்டாள். அவள் வருஷத்துக்கு ஒரு தடவை வந்து போனாள். மற்ற மாதங்களில் ஃப்ரிட்ஜை நானே திறந்து மூடிக்கொண்டிருந்தேன்.

எங்கள் கட்டடத்துச் சுவர்கள் பெயருக்குத்தான் சுவர்கள். பக்கத்து வீட்டில் தும்மினால் இங்கே உட்கார்ந்தபடியே 'ப்ளெஸ் யூ' சொல்லலாம். அந்தச் சுவர் வழியாக, தினமும் நான் ஆபீசிலிருந்து வந்து ஷூவைக் கழற்றும் நேரத்துக்கு டொக் டொக் என்று ஆரம்பிக்கும். டொக்டொக் டொக், டொக்டொக் டொக். சில நாள் நிதானமாக, சில நாள் யாரோ துரத்துகிற மாதிரி. நான் படுக்கிறவரை நிற்காது.

மாடி வீட்டு சுந்தரம் ஒரு நாள் வந்து சுவரில் காதை வைத்துக் கேட்டார். சுந்தரம் மயிலாப்பூர்க்காரர். டேட்டாபேஸ் வேலைக்காக வந்தவர். டிசம்பர் மாதத்தில் கச்சேரி இல்லாத ஒரு தேசத்தில் தன்னைக் கொண்டுவந்து விட்டதற்காக அமெரிக்காவை அவர் கடைசிவரை மன்னிக்கவில்லை.

"என்ன சார் இது? ஒத்தை ஆளு. தினம் கல்யாணத்துக்கா காய் நறுக்கறாரு?"

மனைவி வசந்தாவையும் கூப்பிட்டுக் கேட்கச் சொன்னார். வசந்தா கண்ணை மூடிக்கொண்டு, நாடி பார்க்கும் வைத்தியரைப் போல நிதானமாகக் கேட்டார்.

"கேரட் இல்ல. கேரட்டுன்னா சவுண்டு இன்னும் ஷார்ப்பா இருக்கும். பீன்ஸும் இல்ல. இது முட்டைக்கோஸ். பொடிப்பொடியா நறுக்கறாரு."

அன்றிலிருந்து அவர் முட்டைக்கோஸ்காரர். தபால்பெட்டியில் ஒட்டியிருந்த அவருடைய ஜப்பானியப் பெயரை எங்களில் யாரும் வாய்விட்டுப் படித்ததில்லை.

தினமும் நறுக்குகிறார் என்றால் அவருக்கு முட்டைக்கோஸ் உயிர் என்றுதானே அர்த்தம்? வசந்தா அப்படித்தான் கணக்குப் போட்டார். தேங்காய் அரைத்துவிட்டு ஒரு கூட்டு செய்து, மூடி போட்ட எவர்சில்வர் பாத்திரத்தில் என்னிடம் கொடுத்து, "பாவம், தனியா இருக்காரு. நீங்களும் தனியா இருக்கீங்க. நீங்களே போய்க் குடுங்க" என்றார். சுந்தரம் இது 1995 என்பார். தவறு. அமெரிக்காவில் உலகக் கோப்பைக் கால்பந்து நடந்த 1994 கோடை. நான் பாத்திரத்தோடு அவர் வாசலில் நின்றபோது, பிரேசில் சட்டை போட்ட பையன்கள் கார்களுக்கு நடுவே பந்தை உதைத்துக்கொண்டிருந்தார்கள்.

கதவு திறந்தது. அறுபது வயதை ஒட்டிய சின்ன உருவம். வெள்ளைச் சட்டை, கழுத்தில் டை, காலில் வீட்டுச் செருப்பு. காதில் மாட்டுகிற ஹெட்ஃபோன் கழுத்தில் தொங்கியது. அதன் ஒயர் பின்னால் அறைக்குள் போயிற்று. இடுப்பு வரை குனிந்து வணங்கினார். நானும் பதிலுக்குக் குனிந்தேன். கூட்டும் குனிந்து, மூடி நழுவி, கொஞ்சம் அவர் செருப்பில் விழுந்தது.

உள்ளே கத்தியும் இல்லை, பலகையும் இல்லை. ஒரு மின்சாரப் பியானோ இருந்தது. வாத்தியம் கூடாது என்று வாடகை ஒப்பந்தத்தில் ஒரு விதி உண்டு. அதனால் வீட்டுக்குள் காதில் மாட்டிக்கொண்டு, சங்கீதம் முழுவதையும் தான் மட்டும் கேட்டுக்கொண்டு வாசித்திருக்கிறார். எங்களுக்கு வந்ததெல்லாம் கட்டைகள் அடிபடும் சத்தம்தான்.

அவர் ஹெட்ஃபோனைக் கழற்றி என் தலையில் மாட்டினார். அது ஒன்றுதான் இருந்தது. நான் கேட்டால் அவருக்குக் கேட்காது. அதைப் பற்றிக் கவலைப்படாமல் உட்கார்ந்து, என் முகத்தைப் பார்த்துக்கொண்டே வாசித்தார். இடது கை கோயில் திருவிழாவில் பெரிய முரசை அடிக்கிற மாதிரி ஒன்றை அடித்தது. வலது கை ஜாஸ் என்று ஆரம்பித்து, நடுவில் மெக்சிக்கோ பக்கம் போய், அங்கிருந்து ஒரு மாதா கோயில் பாட்டை எடுத்துக்கொண்டு திரும்பி வந்தது. தலையை ஆட்டினேன். நாம் ரசிக்கும்போது ஆட்டுகிற ஆட்டல். அவர் அதை 'வேண்டாம்' என்று எடுத்துக்கொண்டு உடனே வேறு பாட்டுக்குத் தாவினார். நான் இன்னும் பலமாக ஆட்டினேன். இன்னொன்றுக்குத் தாவினார். இப்படியே ஒரு மணி நேரத்தில் அவருடைய வாழ்நாள் சங்கீதம் முழுவதையும் துண்டு துண்டாகக் கேட்டுவிட்டேன்.

கடைசியில் கூட்டைச் சாப்பிட்டார். "மிகவும் நன்றாக இருக்கிறது" என்றார். அந்த ஒரு வார்த்தையால் வந்ததுதான் அத்தனையும். பாத்திரத்தைக் காலியாகத் திருப்பித் தரக்கூடாது என்பது நம் வழக்கம். அவர்கள் ஊரிலும் அதே வழக்கமாம். பாத்திரம் அரிசி அப்பளங்களோடு திரும்பி வந்தது. அப்பளம் வந்த பாத்திரத்தை வசந்தா எப்படிக் காலியாக வைப்பார்? மறுபடி முட்டைக்கோஸ் போயிற்று. மறுபடி அப்பளம் வந்தது. யாராவது ஒருவர் மரியாதையை விட்டால்தான் நிற்கும். இரண்டு பக்கமும் விடுவதாக இல்லை. வாரம் தவறாமல் அந்தப் பாத்திரம் வருஷக்கணக்கில் போய் வந்துகொண்டிருந்தது. தூதன் நான்.

அவர் பேசியது ஆங்கிலம். ஒரு வாக்கியத்துக்கு நாலைந்து வார்த்தைகளுக்கு மேல் செலவழிக்கமாட்டார். அதனால் அவர் சரித்திரத்தை நான் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்த்தேன். வட ஜப்பானில் ஒரு துறைமுக ஊர். யுத்தம் முடிந்து அமெரிக்கச் சிப்பாய்கள் வந்து இறங்கியபோது, அவர்களுடைய முகாமில் பியானோ வாசிக்கப் போயிருக்கிறார், மீசைகூட முளைக்காத வயதில். ஒரே கொட்டகை. வெள்ளிக்கிழமை அதிகாரிகள் ஆட மாம்போ. சனிக்கிழமை சிப்பாய்களுக்கு ஜாஸ். ஞாயிற்றுக்கிழமை பாதிரியாருக்குத் துதிப்பாட்டு. வெளியே தெருவில் அவர் ஊர்த் திருவிழாவின் முரசு.

"எதை எங்கே நிறுத்துவது என்று யாரும் சொல்லித் தரவில்லை" என்றார்.

அறுபதுகளின் கடைசியில் அமெரிக்கா வந்தார். லாஸ் ஏஞ்சல்ஸ், நியூயார்க், மறுபடி கலிபோர்னியா. எழுபதுகளில் ஒரே ஒரு இசைத்தட்டு வெளியிட்டார். ஜாஸ்காரர்கள் இது ஜாஸ் இல்லை என்றார்கள். ஜப்பான்காரர்கள் இது ஜப்பான் இல்லை என்றார்கள். கூட வாசித்தவர்கள் ஒவ்வொருவராகக் கல்யாணம் செய்துகொண்டு போனார்கள். இவர் மட்டும் மிஞ்சினார்.

அந்த இசைத்தட்டைத் தேடி நான் பெர்க்லியில் பழைய தட்டு விற்கும் கடைகளில் அலைந்தேன். ஜாஸ் அலமாரியில் இல்லை. கடைக்காரர், "உலக இசையில் பாருங்கள்" என்றார். அங்கேயும் இல்லை. "டிரம்ஸ் இருக்கிறதல்லவா, ராக்கில் பாருங்கள்" என்றார். ராக்கிலும் இல்லை. கடைசியில் மூன்றாவது கடையில், தியானம், மன அமைதி என்று எழுதிய பெட்டியில், திமிங்கிலங்களின் குரலைப் பதிவு செய்த தட்டுக்குப் பக்கத்தில் கிடைத்தது. அதைப் போட்டுவிட்டு யாராவது தியானத்தில் உட்கார்ந்திருந்தால், முரசு ஆரம்பிக்கிற இடத்தில் எழுந்து தெருவுக்கு ஓடியிருப்பார்கள்.

அவரிடம் இதைச் சொன்னேன்.

"திமிங்கிலம் நல்ல பாடகர்" என்றார்.

ஃப்ரீவேயில் கார் ஓட்டமாட்டார். பயம் இல்லை. சாலையின் கான்கிரீட் பலகைகள் சேருமிடத்தில் சக்கரம் டக் டக் என்று அடிக்கிறதல்லவா, அது நாலு நாலாக வருகிறதாம். அவர் தலைக்குள் ஓடுவது ஏழு ஏழாக. "பத்து மைல் போனால் என் பாட்டு கெட்டுவிடும்" என்றார். ஆகவே லிவர்மோருக்குப் போவதென்றால் திராட்சைத் தோட்டங்களுக்கு நடுவே சுற்றிக்கொண்டு போவார். ஒரு தடவை அவரோடு போனேன். எங்களுக்குப் பின்னால் டிராக்டர் ஒன்று ஹார்ன் அடித்தது. வழிவிட்டோம்.

அவர் பிழைப்பு ஒரு பெரிய துணிக்கடையில். வாடிக்கையாளர்கள் வசதியாக உணரவேண்டும் என்று அந்தக் காலத்தில் சில கடைகளில் பியானோ வைத்து ஆள் போட்டு வாசிக்கச் சொல்வார்கள். எஸ்கலேட்டர் அடியில், பெண்கள் செருப்புப் பகுதிக்குப் பக்கத்தில் அவர் இடம். எல்லோருக்கும் தெரிந்த இனிமையான மெட்டுகள் மட்டும், சத்தம் குறைவாக, என்பது உத்தரவு. அவர் வலது கையால் உத்தரவுக்குக் கட்டுப்பட்டார். இடது கை அதன் பாட்டுக்கு ஏழு எண்ணிக்கொண்டிருந்தது. எஸ்கலேட்டரிலிருந்து இறங்குகிறவர்கள் காலை எங்கே வைப்பதென்று தெரியாமல் தடுமாறுவதை நானே பார்த்திருக்கிறேன். ஒரு அம்மாள் வலது காலில் புதுச் செருப்பும் இடது காலில் பழைய செருப்புமாகக் கார் நிறுத்துமிடம் வரை போய்விட்டுத் திரும்பி வந்தார்.

மானேஜர் ஓடிவந்தார். "என்ன வாசிக்கிறீர்கள்?"

"நீங்கள் கேட்ட பாட்டுத்தான்."

"பாட்டு அதுதான். ஆனால் ஏதோ நடக்கிறது."

முட்டைக்கோஸ்காரர் எழுந்து நின்று குனிந்து வணங்கினார். அவ்வளவு மரியாதையாக வணங்குகிற மனிதரை எப்படித் திட்டுவது? மானேஜர் போய்விட்டார்.

சனிக்கிழமைகளில் நான் அங்கே போய் உட்கார ஆரம்பித்தேன். செருப்பு போட்டுப் பார்க்கிற மெத்தை ஆசனங்களில் ஒன்று எனக்கு நிரந்தரமாயிற்று. எனக்கும் சனிக்கிழமைகளில் வேறு போக்கிடம் இல்லை. நூற்றுக்கணக்கான பேர் அவரைத் தாண்டிப் போவார்கள். ஒருவரும் நிற்கமாட்டார்கள். பாட்டு முடிந்தால் யாரும் கைதட்டியதில்லை. குழாயில் தண்ணீர் நின்றால் யாராவது கைதட்டுவார்களா? நான் தட்டினால் எல்லோரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். அதனால் தட்டாமல் இருந்தேன். அவர் அவ்வப்போது தலையைத் திருப்பி, நான் இருக்கிறேனா என்று பார்த்துக்கொள்வார்.

1998ல் கடைக்காரர்கள் பியானோவை மூடிவிட்டு ஒலிபெருக்கி வைத்தார்கள். சுவருக்கு அந்தப் பக்கம் டொக் டொக் குறைந்துகொண்டே வந்தது. சில நாள் சுத்தமாக இல்லை. பாத்திரத்தோடு போனால் ஹெட்ஃபோன் பியானோமேல் சுருட்டி வைத்திருக்கும்.

"அக்கா கூப்பிடுகிறாள்" என்றார் ஒரு நாள். "ஊரில் கடை. பென்சில், நோட்டுப் புத்தகம். ஆள் வேண்டுமாம்."

"போகப் போகிறீர்களா?"

"லிவர்மோரில் கேரோல் என்று ஒரு அம்மாள் ஒரு ஞாயிறு தருகிறேன் என்கிறாள். அன்றைக்கு யாரும் கேட்கவில்லை என்றால், பென்சில்."

கேரோலைப் போய்ப் பார்த்தேன். லிவர்மோர் பழைய கடைத்தெருவில் காபிக்கடை. முன்னறையில் காபி, பின்னறையில் சின்ன மேடை, நல்ல மரப் பியானோ. கண்டிப்பான பெண்மணி.

"ஆட்கள் வரவேண்டும். வந்தவர்கள் கடைசிவரை இருக்கவேண்டும்" என்றார் கேரோல். "பாதியில் எழுந்து போகிற கச்சேரிகள் எனக்கு வேண்டாம். நின்று கேட்டார்கள் என்றால் ஒவ்வொரு மாதமும் முதல் ஞாயிறு அவருக்கு."

ஆட்களுக்கு நான் பொறுப்பு என்றேன். லிவர்மோரில் சிவா விஷ்ணு கோயில் இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமை அங்கே வராத தமிழன் இல்லை. தரிசனம் முடிந்து புளியோதரை சாப்பிட்டுவிட்டு, அடுத்து எங்கே போவதென்று தெரியாமல் கார் நிறுத்துமிடத்தில் நின்று பேசுகிறவர்களைத் திருப்பிவிட்டால் போதும்.

முதலில் சுந்தரம். "கச்சேரியா? உள்ள வரதுக்கு ஃப்ரீதானே? பார்க்கிங் உண்டா? எல்லாத்துக்கும் மேல, சார், கேண்டீன் உண்டா?"

"காபிக்கடையிலேயேதான் கச்சேரி."

"அப்பச் சரி. நான் பத்து பேரைக் கூட்டிண்டு வரேன்."

அடுத்து அருள்ராஜ். பாளையங்கோட்டைக்காரர், குழந்தை டாக்டர். சர்ச்சில் பாட்டுக் குழுவை நடத்துகிறவர். கோயிலுக்கு வராதவர் என்பதால் வீட்டுக்கே போய்க் கூப்பிட்டேன்.

"ஜாஸ்னா எனக்கு ஒரு மண்ணும் தெரியாது வே. ஆனா ஒரு மனுசன் தனியா கெடந்து வாசிக்கான்னா போய் உக்காரணும்லா? வாரேன்."

சுந்தரம் அந்த ஞாயிறு 2000த்தில் என்பார். அதுவும் தவறு. 1999 வசந்தம். ஏனென்றால் அன்று வந்த ஆண்களில் முக்கால்வாசிப் பேர் 2000ஆம் வருஷம் பிறக்கும்போது கம்ப்யூட்டர்கள் நின்றுபோகாமல் பார்த்துக்கொள்ளும் வேலையில் இருந்தார்கள். இடுப்பில் இருந்த பேஜர்கள் முதல் பாட்டு முழுவதும் கூவிக்கொண்டிருந்தன.

இருந்தாலும் அறை நிறைந்துவிட்டது. நெற்றியில் குங்குமம், கையில் அர்ச்சனைத் தட்டு. கேரோல் ஒவ்வொருவரையும் ஆச்சரியத்தோடு பார்த்தார். மேடையில் முட்டைக்கோஸ்காரர், ஒரு பாஸ் கிட்டார்க்காரர், டிரம்ஸ் வாசிக்கும் ஒரு பெரிய மனிதர். பெரிய என்றால் உருவத்தில். வாரநாட்களில் தபால் பட்டுவாடா செய்கிறவர்.

முட்டைக்கோஸ்காரர் பியானோவை வணங்கினார். எங்களை வணங்கினார். இரண்டாவது பாட்டாகத் தன் ஊர்ப் படகுக்காரர்களின் மெட்டை எடுத்தார். சுந்தரம் நாற்காலியில் நிமிர்ந்தார்.

"சார், மோகனம்! சத்தியமா மோகனம்!"

"சும்மா இருங்க" என்றார் வசந்தா.

"தாளம் பாரு, மிஸ்ர சாபு, ஏழு! ஜப்பான்காரருக்கு யார் சொல்லிக்குடுத்தா?" என்று தொடையில் தட்ட ஆரம்பித்தார். அவரைப் பார்த்து அந்த வரிசையே தட்டியது. மேடையிலிருந்து முட்டைக்கோஸ்காரர் அதைக் கவனித்துவிட்டார். இத்தனை வருஷம் தன் தலைக்குள் தனியாக ஓடிக்கொண்டிருந்த ஏழு எண்ணிக்கையை, குங்குமம் வைத்த ஒரு கூட்டம் தொடையில் எண்ணிக்கொண்டிருக்கிறது. அவர் முகம் போன போக்கை என்னால் எழுத முடியாது. அடுத்த சுற்றில் வேண்டுமென்றே ஒரு இடத்தில் தாமதித்தார். வரிசை முழுவதும் தவறான இடத்தில் தட்டியது. அவர் சிரித்தார். சுந்தரமும் விடவில்லை. அந்த விளையாட்டு வெகுநேரம் நடந்தது. நான் கேரோலைப் பார்த்தேன். கேரோலும் காலால் தட்டிக்கொண்டிருந்தார். காரியம் பழம் என்று நினைத்தேன்.

அப்போது பியானோ நின்றது. பாஸ்காரர் வாத்தியத்தைச் சுவரில் சாய்த்துவிட்டுக் கழிப்பறைப் பக்கம் போனார். டிரம்ஸ்காரர் தனியாக வாசிக்க ஆரம்பித்தார்.

சென்னைக் கச்சேரிகளில் பழகியவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். பாடகர் நிறுத்தி, மிருதங்கக்காரர் தனி ஆவர்த்தனம் ஆரம்பித்தால், சபை எழுந்து கேண்டீனுக்குப் போகும். அவமரியாதை கிடையாது. யாரும் யாரையும் கூப்பிடுவதில்லை. அலாரம் அடித்தால் கண் விழிப்பதைப் போல, கால் தானாக எழுந்துகொள்ளும்.

முதலில் சுந்தரம் எழுந்தார். பின்னால் அவர் வரிசை. அதற்குப் பின்னால் மற்ற வரிசைகள். நாற்காலிகள் கிறீச்சிட, பட்டுப் புடவைகள் சரசரக்க, தபால்காரர் உயிரைக் கொடுத்து அடித்துக்கொண்டிருக்கும்போதே மொத்தக் கூட்டமும் முன்னறைக்குப் போய்விட்டது. நான் கதவுப் பக்கம் ஓடி, "எங்க போறீங்க? சுந்தரம்! ஒக்காருங்க!" என்றேன்.

"தனி ஆரம்பிச்சாச்சே, சார்" என்றார் சுந்தரம், நான்தான் ஏதோ புரியாதவன் போல. "டிகிரி காபி கிடைக்குமா பாக்கறேன்."

பின்னறையில் ஒரே ஒருவர் உட்கார்ந்திருந்தார். அருள்ராஜ். பாதிரியார் ஆசீர்வாதம் சொல்லாமல் எழுந்திருக்கக் கூடாது என்று வளர்ந்தவர்.

கேரோல் கைகளைக் கட்டிக்கொண்டு வாசலில் நின்றார். முட்டைக்கோஸ்காரர் பியானோ முன்னால் கைகளை மடியில் வைத்துக்கொண்டு காலி நாற்காலிகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். கடையில் பியானோவை மூடியபோதுகூட அவரை நான் அப்படிப் பார்த்ததில்லை. மெல்ல எழுந்தார். மேடையிலிருந்து இறங்கினார். வெளியே போகிறார், காரை எடுத்துக்கொண்டு பென்சில் விற்கப் போகிறார் என்று நினைத்தேன்.

அவர் முன்னறைக்கு வந்து, காபி வரிசையின் கடைசியில், வசந்தாவுக்குப் பின்னால் நின்றார்.

"முடிந்துவிட்டதா?" என்று கேட்டார்.

"ஐயோ, நோ நோ அங்கிள்!" என்றார் வசந்தா. "திஸ் இஸ் தனி! காபி டைம். குடிச்சிட்டு எல்லாரும் வருவோம். யூ ஆல்சோ ஹேவ். ஷுகர் போடலாமா?"

நான் போய் விளக்கினேன். எங்கள் ஊர்களில் இப்படித்தான், எவ்வளவு பெரிய வித்வான் கச்சேரியானாலும் இந்த இடத்தில் எழுந்து வருவோம், பிறகு கட்டாயம் திரும்பிப் போவோம், பிடிக்காவிட்டால்தான் திரும்பமாட்டோம் என்றேன். அவர் வரிசையை ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை பார்த்தார். எல்லோரும் விரலால் தொடையில் டிரம்ஸுக்குத் தாளம் போட்டுக்கொண்டேதான் நின்றார்கள்.

"நானும் ஒன்று சொல்லவேண்டும்" என்றார் வசந்தாவிடம். மிகவும் குனிந்து வணங்கினார். "எனக்கு முட்டைக்கோஸ் பிடிக்காது."

வசந்தா வாயைப் பொத்திக்கொண்டார். "அஞ்சு வருஷமா, அங்கிள்?"

"அஞ்சு வருஷமாக."

சுந்தரம் சிரிக்க ஆரம்பித்து, காபி மூக்கில் ஏறி, அவர் முதுகில் நாலு பேர் தட்டவேண்டியதாயிற்று. அந்தக் கலவரத்தில் ஒருவருக்கும் ஒரு விஷயம் தோன்றவில்லை. பியானோக்காரர் திரும்பி வந்து உட்கார்ந்தால்தான் டிரம்ஸ்காரர் நிறுத்த முடியும். அவர் முடிக்கிற அடியை அடித்துப் பார்த்திருக்கிறார். யாரும் வரவில்லை. மறுபடி முதலிலிருந்து வாசித்திருக்கிறார். மறுபடி முடித்திருக்கிறார். எதிரே அருள்ராஜ் மட்டும் பயபக்தியோடு தலையாட்டிக்கொண்டிருக்க, வேறு வழி?

கடைசியில் அருள்ராஜே கதவைத் தள்ளிக்கொண்டு ஓடிவந்தார்.

"ஏ, என்னவே காப்பி குடிக்கிய! அந்த மனுசன் செத்துருவாருவே! டாக்டருங்கிற மொறையில சொல்லுதேன், ஒடனே வாங்க!"

எல்லோரும் கோப்பையோடு ஓடினோம். முட்டைக்கோஸ்காரரும் கோப்பையோடு ஓடினார். அதைப் பியானோமேல் வைத்துவிட்டு உட்கார்ந்து வாசித்த கடைசிப் பகுதிதான், அவர் வாசித்து நான் கேட்டதிலேயே சிறந்தது. முடிந்ததும் கூட்டம் தட்டிய தட்டலில் தபால்காரர் அழுதுவிட்டார். களைப்பினாலும் இருக்கலாம்.

கேரோல் என்னிடம் வந்தார். "எழுந்து போனார்கள். ஆனால் இத்தனை வருஷத்தில் பாதியில் போனவர்கள் திரும்பி வந்து நான் பார்த்ததில்லை. அதுவும் இரண்டாவது கோப்பையோடு." முதல் ஞாயிறு அவருக்கே என்றார். டிரம்ஸ் இடைவேளை கட்டாயம் இருக்கவேண்டும் என்றும் சொன்னார்.

அப்படி இரண்டு வருஷம் நடந்தது. டிரம்ஸ் ஆரம்பித்ததும் எங்களுக்கு முன்னால் முட்டைக்கோஸ்காரர்தான் காபி வரிசைக்குப் போவார். அருள்ராஜ் தபால்காரருக்குத் துணையாக உள்ளேயே இருப்பார். அது அவர் பொறுப்பு என்று ஆகிவிட்டது. வசந்தா பாத்திரத்தில் தயிர்சாதம் அனுப்பினார். அது அவருக்கு உண்மையிலேயே பிடித்தது. இதற்குச் சாட்சியாக அவர் இரண்டாம் தடவை கேட்டார்.

2001 ஏப்ரலில் அக்காவுக்குக் கண் பார்வை போய்விட்டது என்று செய்தி வந்தது. வேறு யாரும் இல்லை. இந்தத் தடவை போகத்தான் வேண்டும் என்றார். மே மாதத்து முதல் ஞாயிறு கடைசி என்று முடிவாயிற்று.

அன்று நிற்க இடமில்லை. சுந்தரம் கோயிலிலேயே எல்லோருக்கும் சொல்லிவிட்டார்: "கடைசிக் கச்சேரி. மரியாதையா நடந்துக்கணும். தனி வந்தா ஒருத்தரும் எழுந்திருக்கப்படாது." படகுப் பாட்டு வந்தது. ஏழு வந்தது. தொடைகள் சரியான இடத்தில் தட்டின. டிரம்ஸ் ஆரம்பித்தது. யாரும் அசையவில்லை. கால்கள் துடித்தன. ஆனாலும் அறை முழுவதும் கல்லாக உட்கார்ந்திருந்தது.

முட்டைக்கோஸ்காரர் எங்களைப் பார்த்தார். கதவைப் பார்த்தார். மறுபடி எங்களைப் பார்த்தார். ஏதோ தப்பு நடந்துவிட்டது என்ற கவலை அவர் முகத்தில் தெரிந்தது. எழுந்து மேடை ஓரத்துக்கு வந்து, டிரம்ஸ் சத்தத்துக்கு மேலே குரலை உயர்த்தினார்.

"ஏன் யாரும் வரவில்லை? நான் தனியாகவா போவது?"

சுந்தரம்தான் முதலில் எழுந்தார். பிறகு எல்லோரும் எழுந்தோம். அருள்ராஜ் மட்டும் தபால்காரரைப் பார்த்துக் கையசைத்துவிட்டுத் தன் இடத்திலேயே இருந்தார். முன்னறையில் வரிசை வாசல்வரை நீண்டது. முட்டைக்கோஸ்காரர் நடுவில் நின்றார்.

காபியைக் குடித்தால் உள்ளே போகவேண்டும். உள்ளே போனால் கடைசிப் பாட்டு. இதை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. முதலில் நின்றவர் கேரோலிடம் கோப்பையை வாங்காமல், பின்னால் திரும்பி, "நீங்க வாங்கிக்குங்க சார்" என்றார்.

"பரவால்ல, நீங்க மொதல்ல."

"இல்ல இல்ல, நீங்க போங்க."

"எனக்கு ஒண்ணும் அவசரம் இல்ல. மாமி, நீங்க?"

"அச்சச்சோ, அவர் எனக்கு முன்னாடியே வந்துட்டாரே. நீங்க போங்கோ."

உள்ளே தபால்காரர் முடிக்கிற அடியை அடித்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து ஆரம்பித்தார். கேரோல் கையில் கோப்பையோடு காத்துக்கொண்டிருந்தார். வரிசை நகரவில்லை. முட்டைக்கோஸ்காரரின் முறை எனக்கு முன்னால் இருந்தது. அவர் என் பக்கம் திரும்பி, கையை நீட்டி, தமிழில் சொன்னார்.

"நீங்க போங்க."